உள்ளே இருப்பவனுக்கு வெளியே சந்தா

கேள்வி: கும்பல் தலைவனைப் பிடித்து உள்ளே போட்ட பிறகும் தொழில் நடக்கிறதே, எப்படி? (வாசகர், தென்காசி)

பதில்: பிரேசிலின் போதைமருந்துக் கும்பலான பி.சி.சி.யைப் பாருங்கள். அது வெளியே வளர்ந்து உள்ளே போன கும்பல் இல்லை, பிறந்ததே சிறையில்தான். 1992 அக்டோபரில் சாவ் பாவ்லோவின் கரந்திரு சிறைக் கலவரத்தை அடக்கப் போலீஸ் நுழைந்தது, 111 கைதிகள் செத்தார்கள். அடுத்த ஆண்டு தௌபாத்தே சிறையில், மாநிலத் தலைநகரான சாவ் பாவ்லோ நகரிலிருந்து வந்த கைதிகளின் கால்பந்து அணிதான் கும்பலாக மாறியது. இன்னொரு கரந்திரு நடக்க விடமாட்டோம் என்றார்கள், அந்தப் பேச்சுக்கு ஆள் சேர்ந்தது.

வெளியே இருக்கும் உறுப்பினர் மாதாமாதம் சந்தா கட்ட வேண்டும். அதற்கு அவர்கள் வைத்த பெயர் 'வெங்காயம்'! வக்கீல் செலவு, தூரத்துச் சிறைக்கு மனு போட்டுப் பார்க்கப் போகும் பெண்டாட்டி பிள்ளைகளின் பஸ் செலவு எல்லாம் அதிலிருந்துதான். வெளியில் இருப்பவன் எதற்குக் கட்டுகிறான் என்றால், கொக்கெய்ன் விற்பவன் என்றைக்காவது ஒருநாள் உள்ளே போகத்தான் போகிறான், அப்போது யார் தயவில் படுத்துத் தூங்க வேண்டும் என்பது அவனுக்கு நன்றாகத் தெரியும். சரி, தலைவர்களைப் பிரித்து வேறு வேறு சிறைக்கு அனுப்பலாம் என்று அரசு யோசித்தது. போன இடமெல்லாம் கிளை முளைத்தது. 2001 பிப்ரவரியில் செல்போனில் பேசிவைத்து 29 சிறைகளில் ஒரே நேரத்தில் கலவரம் செய்தார்கள்.

கேள்வி: தப்பி ஓடியவர்களையாவது பிடிக்கிறார்களா? (வாசகி, கும்பகோணம்)

பதில்: பிடிக்கிறார்கள், ஆனால் ஆமை வேகம். பி.சி.சி.க்கு வேண்டிய போதைமருந்து வியாபாரி ஃபுமின்யோ 1999இல் அதே கரந்திருவிலிருந்து தப்பினார், 2020 ஏப்ரலில்தான் மொசாம்பிக்கின் மாபுத்தோவில் சிக்கினார். பிரேசிலைப் போலவே அங்கேயும் போர்த்துகீசியம்தான், புழங்கச் சிரமம் இருந்திருக்காது.

இதைவிடக் கொடுமை, பி.சி.சி. தலைவர்களில் ஒருவரான ஆந்த்ரே டு ராப் கதை. 2019 செப்டம்பரில் பாடுபட்டுப் பிடித்தார்கள். விசாரணைக் காவல் இன்னும் தேவையா என்று 90 நாளுக்கு ஒருமுறை பார்க்க வேண்டும் என அதன் பிறகு சட்டம் வந்தது, இவர் விஷயத்தில் யாரும் பார்க்கவில்லை. அதைக் காட்டி 2020 அக்டோபரில் உச்ச நீதிமன்ற நீதிபதி ஒருவர் விடுவிக்கச் சொல்ல, மனிதர் சுவர் ஏறாமல் சுரங்கம் தோண்டாமல் முன்வாசல் வழியாகவே நடந்து போனார். அன்றைக்கே தலைமை நீதிபதி உத்தரவை நிறுத்திவைத்தார். குவாருஜா என்ற கடற்கரை ஊரில் இருப்பேன் என்று முகவரி கொடுத்திருந்தாராம், போலீஸ் போய்ப் பார்த்தால் ஆள் இல்லை.