நவரத்தின குருமா ஏன் கசக்குது? அடுப்படிக் கேள்வி பதில்

போன இதழ்ல நவரத்தின குருமா பத்தி போற போக்குல ரெண்டு வரி எழுதினேன், அதுக்கு வந்து குவிஞ்ச கேள்விகளைப் பார்த்தா பாதி வீட்டுல அதைத்தான் கிண்டியிருக்காங்கன்னு தெரியுது. சாப்பிடாதவங்களுக்கு ஒரு வரி: வடநாட்டு ஓட்டல்ல முகலாய் வகைன்னு போடுவாங்களே, முந்திரி, தயிர், கிரீம் சேர்ந்த வெள்ளை கிரேவி, அதுல காய், பனீர், திராட்சை, அன்னாசி எல்லாம் மிதக்கும், லேசா தித்திப்பு. இந்த இதழ்ல முழுக்க அதுதான்.

கோவை வாசகி: அக்கா, பொண்ணு பிறந்தநாளுக்கு ராத்திரி செய்யலாம்னு காலையிலேயே அன்னாசியை நறுக்கி தயிர், கிரீம், பனீரோட கலந்து ஃப்ரிட்ஜ்ல வச்சிட்டேன். ராத்திரி கிரேவியில கொட்டினா ஒரே கசப்பு, நீர்த்து வேற போச்சு. தயிர் கெட்டிருக்குமா, அன்னாசி சரியில்லையா?

ரெண்டுமே நல்லாத்தாங்க இருந்திருக்கும், ஒண்ணா வச்சதுதான் வினை. பச்சை அன்னாசியில ப்ரோமலைன்னு ஒரு என்சைம் இருக்கு, அதோட வேலையே புரதத்தைத் துண்டு துண்டா வெட்டறது, அன்னாசி நிறைய சாப்பிட்டா நாக்கு எரியுதே அதுலயும் இதுக்குப் பங்கு உண்டு. நீங்க கலந்து வச்ச தயிர், கிரீம், பனீர் மூணுமே பால் சமாச்சாரம், மூணுலயும் புரதம். பகல் முழுக்க அது உள்ள உட்கார்ந்து வெட்டிக்கிட்டே இருந்திருக்கு, ஃப்ரிட்ஜ் குளிர்ல வேகம் குறையுமே தவிர நிக்காது. அப்படி வெட்டுப்பட்ட புரதத் துணுக்குதான் நாக்குல கசக்குது, தயிரோட கட்டும் விட்டுப்போய் தண்ணி பிரியுது. பனீர் ஓரமெல்லாம் கொழகொழன்னு ஆயிருக்குமே, கவனிச்சீங்களா?

ஆனா இந்த என்சைமுக்கு சூடு ஆகவே ஆகாது, 70 டிகிரி தாண்டினாலே தளர ஆரம்பிச்சிடும். அதனால நடுத்தண்டை எடுத்துடுங்க, அதுல இது ஜாஸ்தி. மிச்சத்தைச் சின்னச் சின்னத் துண்டா நறுக்கி ஒரு ஸ்பூன் நெய்யில தனியா வதக்குங்க. முதல்ல சாறு விட்டு வாணலி முழுக்க நுரைக்கும், பயப்படாதீங்க, அப்படியே விட்டா சாறு சுண்டி துண்டோட ஓரத்துல லேசா பொன்னிறம் ஏறும், பச்சை வாடை போய் ஜாம் கிண்டற வாசனை வரும், அங்க இறக்கிடலாம். அதுக்கப்புறம் அதைப் பாலோட சேர்த்தா கசக்காது.

டின் அன்னாசின்னா ஏற்கெனவே சூடு பண்ணி அடைச்சது, இந்தத் தொல்லையே கிடையாது, ஆனா பாகை வடிச்சு ஒரு தடவை தண்ணியில அலசிட்டுப் போடுங்க, இல்லன்னா குருமான்னு சொல்லி பாயசம் பரிமாறணும். கிவி, பப்பாளிக்காய் இதுங்களுக்கும் இதே குணம்தான். ஜெலட்டின் போட்ட ஜெல்லியில பச்சை அன்னாசி போட்டா கெட்டியாகாததும் இதனாலதான், கடல்பாசியில செஞ்சா நல்லா உறையும், ஏன்னா அது புரதம் இல்ல.

திருச்சி வாசகர்: நான் செய்யறது எப்பவும் பழுப்பா வருது. ஓட்டல்ல மட்டும் எப்படி அவ்ளோ வெள்ளை? ஏதாவது பவுடர் போடறாங்களா?

பவுடர் எல்லாம் இல்ல சார், நீங்க வெங்காயத்தை வதக்கறீங்க, அவங்க வேகவைக்கறாங்க, வித்தியாசம் அவ்ளோதான். நம்ம கைக்கு வெங்காயம்னாலே எண்ணெயில போட்டு சிவக்க விடற பழக்கம், இந்த கிரேவிக்கு அது ஆகாது.

நாலு பேருக்குச் சொல்றேன். பெரிய வெங்காயம் ரெண்டு, முந்திரி ஒரு 20, வெள்ளரி விதை ஒரு டேபிள்ஸ்பூன், கசகசா ஒரு டீஸ்பூன், பச்சை மிளகாய் ரெண்டு, இஞ்சி ஒரு சின்னத் துண்டு, எல்லாத்தையும் மூழ்கற அளவு தண்ணி விட்டு வெங்காயம் கண்ணாடி மாதிரி ஆகற வரைக்கும் கொதிக்க விடுங்க. ஆறினதும் மைய அரைச்சு ஒரு வடிகட்டியில தேய்ச்சு வடிகட்டுங்க. இந்த வடிகட்டற வேலையை எல்லாரும் சோம்பேறித்தனத்துல விட்டுடறாங்க, கசகசாவும் முந்திரித் துணுக்கும் நாக்குல நறநறன்னு தட்டறது அதனாலதான். அப்புறம் நெய்யில பட்டை, கிராம்பு, ஏலக்காய், பிரிஞ்சி இலை போட்டு, கருக விடாம, விழுதைக் கொட்டி சிம்லயே கிண்டுங்க. முந்திரி விழுது சீக்கிரம் அடிப்பிடிக்கும், கொப்புளம் கொப்புளமா வந்து கைமேல தெறிக்கும், அதனால மூடியை ஒரு கையில பிடிச்சிக்கிட்டே கிண்டறது உத்தமம். ஓரத்துல நெய் கசிஞ்சு வர்ற வரைக்கும் கிண்டணும். மஞ்சத்தூள், மிளகாத்தூள் பக்கமே போகாதீங்க, காரம் பத்தலைன்னா வெள்ளை மிளகுத்தூள்.

இனிமேதான் முக்கியம். கால் கப் புளிக்காத தயிர்ல அரை ஸ்பூன் சோளமாவு போட்டு கட்டியில்லாம அடிச்சு, அடுப்பை அணைச்சுட்டு ஊத்திக் கலக்கி, திரும்ப சிம்ல வச்சு கொதி வர்ற வரைக்கும் கையை எடுக்காதீங்க, மாவு இருக்கறதால திரியாது. வேகவச்ச கேரட், பீன்ஸ், பட்டாணி, காலிஃப்ளவர், உப்பு அப்புறம். பனீரும் வதக்கின அன்னாசியும் அதுக்கப்புறம். கிரீம் எப்பவும் கடைசி, அடுப்பை அணைச்ச பிறகு கால் கப். கடையில கிடைக்கற ஃப்ரெஷ் கிரீம் பாக்கெட்ல கொழுப்பு பெரும்பாலும் 25 சதவீதம்தான் இருக்கும், அன்னாசியோட புளிப்பு இருக்கற கிரேவியில அதைத் தளதளன்னு கொதிக்க விட்டா திரிஞ்சு போக நிறைய வாய்ப்பு. மாதுளையும் திராட்சையும் மேல தூவறதுக்கு, கிரேவியில போட்டுக் கொதிக்க விட்டா மாதுளை சாயம் இறங்கி பாடுபட்டு வெள்ளையா கொண்டு வந்தது சாம்பல் நிறமா போயிடும்.

மதுரை வாசகி: பாலும் பழமும் சேர்த்து சாப்பிட்டா ஆகாதுன்னு எங்க மாமியார் இந்தக் குருமாவைத் தொடவே மாட்டேங்கறாங்க. நீங்களே ஒரு வார்த்தை சொல்லுங்கக்கா.

உங்க வீட்டுப் பஞ்சாயத்துல என்னை இழுக்கறீங்களே. அவங்க சும்மா சொல்லல, பாலோட புளிப்புப் பழம் சேர்க்கக்கூடாதுன்னு ஆயுர்வேதத்துல சொல்லியிருக்கு. அந்த நம்பிக்கையோட இருக்கறவங்களை வற்புறுத்த வேண்டாம், காய், பனீர், முந்திரி மட்டும் போட்டு ஒரு கிண்ணம் தனியா எடுத்து வச்சிடுங்க, பழம் கடைசியிலதானே சேருது, அதனால சுலபம்.

துபாய் வாசகி: இங்க கசகசா கிடைக்கல. ஊருக்குப் போயிட்டு வரும்போது ஒரு பாக்கெட் எடுத்துட்டு வந்துடவா?

அய்யோ வேண்டவே வேண்டாம்மா! கசகசா அபின் செடியோட விதை, அங்க அதுக்குத் தடை, பெட்டியில ஒரு பொட்டலம் இருந்தாலே பெரிய வம்புல மாட்டிப்பீங்க. சிங்கப்பூர்லயும் தடைதான், அங்க இருக்கறவங்களும் குறிச்சு வச்சுக்கங்க. கசகசா இல்லாம குருமாவுக்கு ஒரு குறையும் வராது, வெள்ளரி விதையை ரெண்டு ஸ்பூனாக்கி முந்திரி நாலு கூடப் போடுங்க. எள்ளு மட்டும் போடாதீங்க, லேசா கசக்கும்.

சென்னை வாசகர்: பனீர் போட்டா ரப்பர் மாதிரி ஆகுது, பசங்க சீஸ்தான் வேணும்னு கேக்கறாங்க. பனீருக்குப் பதிலா சீஸ் க்யூப் போடலாமா?

துண்டா நிக்கணும்னா முடியாது. பனீர் கொதிக்கற பால்ல எலுமிச்சையோ வினிகரோ விட்டுத் திரிச்சது, அது மறுபடி சூடு பட்டா உருகாது, தண்ணியை விட்டுட்டு இறுகும், நீங்க சொல்ற ரப்பர் அதுதான், ரொம்ப நேரம் பொரிச்சா இன்னும் மோசம். சீஸ் சூட்டுல இளகிடும். மொசரெல்லா போட்டா கரண்டியோட நூல் நூலா இழுத்துக்கிட்டு வரும், குருமாவுல அது அசிங்கம். பசங்க ரொம்ப அடம் பிடிச்சா ஒரே ஒரு க்யூப் ப்ராசஸ்ட் சீஸைத் துருவி கிரீம் போடற நேரத்துல கலக்கிடுங்க, கரைஞ்சு கெட்டியா ஆகும், ஆனா அதுல ஏற்கெனவே உப்பு இருக்கு, முன்னாடியே உப்பைக் குறைச்சுப் போடுங்க. என்னைக் கேட்டா அது முகலாய் குருமாவும் இல்ல பாஸ்தாவும் இல்ல, ஆனா பசங்க தட்டு காலியாகுதுன்னா சரிதான்.

பனீர் மெத்துனு இருக்க, ரெண்டு பக்கமும் நிறம் ஏறறதுக்குள்ள தவாவுல இருந்து எடுத்து உப்புப் போட்ட வெந்நீர்ல பத்து நிமிஷம் ஊறவிட்டு, கடைசி ரெண்டு நிமிஷத்துல கிரேவியில போடுங்க.

கும்பகோணம் வாசகர்: இது அக்பரோட நவரத்தினங்கள் ஒன்பது பேரை நினைச்சு அரண்மனையில செஞ்சதாமே, நிஜமா?

கதை நல்லா இருக்கு, ஆதாரம்தான் இல்ல. அக்பர் ஆண்டது 1556-ல இருந்து 1605 வரைக்கும். அந்த ஒன்பது பேர்ல ஒருத்தர்னு சொல்ற அபுல் ஃபசலே அயினி அக்பரியில அரண்மனை சமையலை அளவு முதற்கொண்டு எழுதி வச்சிருக்கார், அக்பர் இறைச்சி தொடாத நாட்களுக்கான சைவ அயிட்டம்னு தனி வரிசையே இருக்கு, கிச்சடி இருக்கு, கீரை இருக்கு, அல்வா இருக்கு, நவரத்தின குருமா மட்டும் இல்ல. ஆனா ஒரு விஷயம் எனக்கே ஆச்சரியமா இருந்தது, அன்னாசி அந்த நூல்ல இருக்கு. போர்ச்சுகீசியர் அமெரிக்காவுல இருந்து கொண்டு வந்த பழம் அதுக்குள்ள ஆக்ரா வரைக்கும் போயிடுச்சு, அக்பர் மகன் ஜஹாங்கீர் தன்னோட நினைவுக் குறிப்புல ஆக்ரா குல் அஃப்ஷான் தோட்டத்துல வருஷத்துக்கு ஆயிரக்கணக்குல அன்னாசி விளையுதுன்னு பெருமையா எழுதியிருக்கார். முந்திரியும் போர்ச்சுகீசியர் கொண்டு வந்ததுதான். அப்ப அரண்மனையில பாதாமுக்குத்தான் மவுசு. உங்களுக்கு அந்தக் காலத்து ருசி வேணும்னா முந்திரியில பாதியைக் குறைச்சு ஊறவச்சு தோலுரிச்ச பாதாம் போட்டுப் பாருங்க, கிரேவி கொஞ்சம் லேசா இருக்கும், வயித்துல கனக்காது.

சேலம் வாசகி: எங்க வீட்டுல வெங்காயம், பூண்டு கிடையாது. பழமும் பனீரும் போட்டு எங்களுக்கு ஏதாவது வழி இருக்கா?

இருக்கு, காஷ்மீர்ப் பக்கம் போகணும். அங்க பண்டிட்டுகள் பரம்பரையா வெங்காயம், பூண்டு இல்லாம சமைக்கறவங்க, சோம்புத்தூளும் சுக்குத்தூளும்தான் அவங்க சமையலோட உயிர், கூடவே பெருங்காயம். ஆப்பிளும் கத்தரிக்காயும் சேர்த்து காரமா ஒரு கறி செய்வாங்க. அப்புறம் பனீரை மஞ்சத்தூள், சோம்புத்தூள், பால் சேர்த்து மஞ்சளா வேகவைப்பாங்க, லெதர் ச்சாமன்னு பேரு. நான் ரெண்டையும் ஒண்ணாக்கிடுவேன், காஷ்மீர்க்காரங்க கோவிச்சிக்கக் கூடாது.

புளிப்பான பச்சை ஆப்பிள் ஒண்ணைத் தோலோட தடிமனா நறுக்கி, கடுகெண்ணெயோ நெய்யோ காய வச்சு முறுகலா வறுத்து எடுத்துடுங்க, மாவா இருக்கற சிவப்பு ஆப்பிள் கரைஞ்சு கூழாயிடும். அதே எண்ணெயில பெருங்காயம், ரெண்டு ஏலக்காய், உடனே ஒரு கப் தண்ணி, மஞ்சத்தூள் அரை ஸ்பூன், சோம்புத்தூள் ரெண்டு ஸ்பூன், சுக்குத்தூள் அரை ஸ்பூன், உப்பு. பொரிச்ச பனீரைப் போட்டு பத்து நிமிஷம் கொதிச்ச பிறகு தீயைக் குறைச்சு அரை கப் காய்ச்சின கெட்டிப்பால், கடைசியா ஆப்பிள். ஆப்பிளைப் போட்டதும் அணைச்சிடணும், அதுலயும் புளிப்பு இருக்கே. சாதத்துக்கு இது நவரத்தின குருமாவை விடப் பொருத்தம்.

நெல்லையில இருந்து ஒரு காலேஜ் தம்பி: பேர் நவரத்தினம்னா ஒன்பது அயிட்டம் கட்டாயமாக்கா? ரூம்ல எங்ககிட்ட நாலுதான் இருக்கு.

யாரும் தட்டுல எண்ண மாட்டாங்க தம்பி. உருளை, பட்டாணி, பனீர், திராட்சை இருந்தாலே கிளப்பிடலாம். டூட்டி ஃப்ரூட்டியும் செர்ரியும் போடறாங்களே சில இடத்துல, அதை மட்டும் போடாத, குருமா மேல ஐஸ்கிரீம் கடை கவுந்த மாதிரி இருக்கு.

வேலூர் வாசகி: மிஞ்சினா மறுநாள் வச்சு சாப்பிடலாமா?

அன்னிக்கே ஃப்ரிட்ஜ்ல வச்சிருந்தா சாப்பிடலாம். முந்திரி கிரேவி மறுநாள் களி மாதிரி இறுகிடும், பச்சைத் தண்ணி ஊத்தாதீங்க, கால் டம்ளர் வெந்நீர் விட்டு சிம்ல வச்சு இளக்குங்க, தளதளன்னு கொதிக்க விடவே வேண்டாம், நல்லா ஆவி வந்தா இறக்கிடலாம். மேல தூவின மாதுளையை மட்டும் முதல் நாளே தனியா எடுத்து வச்சிடுங்க.