மூடிய ஆலையின் கழிவை அள்ளும் செலவு யாருடையது?

கேள்வி: எங்கள் நிலத்தை ஒட்டியிருந்த ரசாயன ஆலையை மூன்று ஆண்டுகளுக்கு முன் மூடிவிட்டார்கள். அதன் பிறகுதான் கிணற்று நீர் மஞ்சளாக வரத் தொடங்கியது. இடத்தை வாங்கியவர் மனை போடப்போகிறார். ‘நான் எதையும் கொட்டவில்லை’ என்கிறார். பழையவர்கள் ‘கம்பெனியே இல்லை’ என்கிறார்கள். யாரைக் கேட்பது?
- வாசகர், ராணிப்பேட்டை மாவட்டம்

பழையவர்களைத்தான். ஆலையை மூடுவது வேறு, கம்பெனியைக் கலைப்பது வேறு. கம்பெனிப் பதிவாளரின் இணையதளத்தில் பெயரைத் தேடிப் பாருங்கள். ‘இல்லாத’ கம்பெனி பல நேரங்களில் அங்கே உயிரோடுதான் இருக்கும். கலைப்பு நடவடிக்கையில் இருந்தால், கலைப்பாளரிடம் (கம்பெனியின் சொத்தை விற்றுக் கடன்களைத் தீர்க்க நியமிக்கப்பட்டவர்) உங்கள் கோரிக்கையை உடனே பதிவு செய்யுங்கள். அதற்குக் கெடு உண்டு.

ராஜஸ்தானின் பிச்ரி கிராம வழக்கை உங்கள் வழக்கறிஞர் அறிந்திருப்பார். சாயத் தயாரிப்பில் பயன்படும் எச்-அமிலம் என்ற ரசாயனத்தைத் தயாரித்த ஆலைகளின் கழிவு அங்கே கிணறுகளைக் கெடுத்தது. கவனக்குறைவை நிரூபிக்க வேண்டியதே இல்லை, இழப்பீடும் மண்ணையும் நீரையும் மீட்கும் செலவும் ஆலையுடையவை என்று 1996-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நிர்வாகம் மனு மேல் மனு போட்டு இழுத்தது. 2011-இல் ரூ.37.385 கோடியை 12 சதவீதக் கூட்டு வட்டியோடு கட்டச் சொன்னது நீதிமன்றம். அந்தத் தீர்ப்பில் எனக்குப் பிடித்தது வட்டிதான். இழுத்தடிப்பதில் இருந்த லாபம் அதில் கரைந்துபோனது.

புதிய உரிமையாளர் கொட்டாதவர் என்றால் பொதுவாக மாசுக்கு அவர் பொறுப்பல்ல. ஆனாலும் வழக்கில் அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்துவிடுங்கள். கழிவு கிடப்பது அவர் நிலத்தில். அதைத் தோண்டி வேறிடத்தில் கொட்டினால் அவரும் மாசுபடுத்தியவர் ஆகிவிடுவார்.

இனி ஆதாரம். சாதாரணக் குடிநீர்ப் பரிசோதனை போதாது. மஞ்சள் நிறம் குரோமியத்தால் இருக்கக்கூடும். மொத்த குரோமியத்தையும் அறுஇணைதிற குரோமியத்தையும் (அதில் நச்சு மிகுந்த வகை) பெயர் குறிப்பிட்டுக் கேளுங்கள். குடிநீரில் மொத்த குரோமியத்தின் வரம்பு லிட்டருக்கு 0.05 மில்லிகிராம். முடிவு வரும்வரை அந்த நீரைக் குடிக்காதீர்கள். கொதிக்க வைத்தாலும் குரோமியம் போகாது. ஆலை இயங்க வழங்கிய இசைவாணைகளையும் (அனுமதிகளையும்) ஆய்வறிக்கைகளையும் தகவல் உரிமைச் சட்டத்தில் மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்திடம் கேட்டு வாங்குங்கள்.

ஆட்சியருக்கும் வாரியத்துக்கும் மனு கொடுங்கள். 2025 ஜூலையில் அறிவிக்கப்பட்ட மாசடைந்த தளங்கள் மேலாண்மை விதிகளின்படி, சந்தேகத்துக்குரிய இடங்களை மாவட்ட நிர்வாகம் தெரிவிக்க வேண்டும். தொடக்க ஆய்வுக்கு 90 நாள். மாசுக்குப் பொறுப்பானவரைக் கண்டறியவும் காலவரம்பு உண்டு. சுத்திகரிப்புச் செலவு அவருடையது. அவரால் முடியாதபோது அரசுகள் ஏற்பாடு செய்ய வேண்டும். விதி நல்ல விதிதான், ஆனால் காகிதத்தை நம்பிக் காத்திருக்க வேண்டாம். உங்கள் மாவட்டத்திலேயே 1990-களில் மூடிய குரோமேட் ஆலையின் கழிவு, லட்சம் டன்னுக்கு மேல், பல்லாண்டுகள் அங்கேயே கிடந்தது.

எனவே சுற்றுச்சூழல் வழக்குகளை விசாரிக்கும் தேசிய பசுமைத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்கும் போங்கள். இழப்பீடும் நிலச் சீரமைப்பும் கோர, பாதிப்புக்கான காரணம் முதலில் எழுந்த நாளிலிருந்து ஐந்து ஆண்டுகள் அவகாசம். தக்க காரணம் காட்டினால் மேலும் 60 நாள். மஞ்சள் நீர் தொடங்கி மூன்று ஆண்டுகள் வரை ஆகியிருக்கலாம் என்பதால் தள்ளிப்போடாதீர்கள். மனுவோடு ஓர் இடைக்கால மனுவும் வையுங்கள்: சுத்திகரிப்பு முடியும்வரை அந்த இடத்தில் மண் தோண்டவோ மனை விற்கவோ கூடாது என்று.