பிரையன் ஈனோவுக்கு எந்த இசைக்கருவியும் ஒழுங்காக வாசிக்கத் தெரியாதாமே? பிறகு எப்படி அவ்வளவு பெரிய இசைத் தயாரிப்பாளர் ஆனார்? கடைசியில் ஏன் ஓவியம், ஒளி என்று போய்விட்டார்?

"வாசிக்கத் தெரியாது" என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தவரே அவர்தான். 1970-களின் தொடக்கத்தில் லண்டனில் ராக் என்றாலே கிதாரில் விரல் வித்தை காட்டுவதுதான் பெருமை. அந்தக் கூட்டத்தின் நடுவில் ஒருவர் தன்னை "இசைக்கலைஞன் அல்லாதவன்" என்று அறிமுகப்படுத்திக்கொண்டால் பத்திரிகைக்காரர்கள் விடுவார்களா? அதில் உண்மை பாதி, விளம்பரம் பாதி. அவருக்கு ஒரு கருவி மிக நன்றாகவே தெரியும். அது டேப் ரெக்கார்டர். ஓவியத்துக்குக் கடைசியில் போனார் என்பதும் சரியில்லை. அவர் கிளம்பி வந்ததே ஓவியக் கல்லூரியிலிருந்துதான்.

நான் பிழைப்புக்கு ஒலித்தொகுப்பு செய்பவன். அதனால் இந்தப் பதிலில் ஒலிநாடா விவகாரம் கொஞ்சம் தூக்கலாக இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஈனோ 1948-இல் இங்கிலாந்தின் சஃபோக் பகுதியில் பிறந்தவர். அப்பா தபால்காரர். 1964-இல் இப்ஸ்விச் ஓவியப் பள்ளியில் சேர்ந்தார். அங்கே ராய் அஸ்காட் என்பவர் நடத்திய பாடத்திட்டம் விசித்திரமானது. மாணவன் தன் குணத்தை ஆராய்ந்து பட்டியலிட வேண்டும்; பிறகு அதற்கு நேர்மாறான குணமுள்ள ஆளாக மாறி, அப்படியே நடந்துகொண்டு வேலை செய்ய வேண்டும். முந்திக்கொண்டு பேசுகிறவன் வாய்மூடி உதவியாளாக இருக்க வேண்டும் என்பது மாதிரி. முடிந்த படத்தைவிட அது எப்படி உருவானது என்பதற்கே அங்கு மதிப்பெண். இந்தச் சூழலில்தான் பள்ளியின் டேப் ரெக்கார்டர் அவர் கைக்குக் கிடைத்தது. அவரது முதல் படைப்பு, ஒரு பெரிய உலோக விளக்குக் கவிகையைத் தட்டி, அந்த ஓசையை வெவ்வேறு வேகங்களில் ஓட்டி ஒன்றன்மேல் ஒன்றாகப் பதிந்தது. சுரம் இல்லை, தாளம் இல்லை. வண்ணத்தை அடுக்குவதுபோல ஓசையை அடுக்கியிருக்கிறார். பிறகு வின்செஸ்டர் கலைப் பள்ளியில் படித்து 1969-இல் வெளியே வந்தார்.

ராக்ஸி மியூசிக் என்ற ராக் குழுவில் அவர் சேர்ந்தது 1971-இல், ஒரு தற்செயலால். ஏற்கெனவே பழக்கமான சாக்ஸபோன் கலைஞர் ஆண்டி மெக்கேயை லண்டன் சுரங்க ரயிலில் சந்தித்தார். மெக்கேயிடம் ஒரு சிந்தசைசர், அதாவது மின்சாரத்தால் ஒலியை உருவாக்கும் கருவி, இருந்தது. ஈனோவுக்கு ஒலிப்பதிவு தெரியும். ஆரம்பத்தில் அவருக்கு மேடையிலேயே இடமில்லை. அரங்கின் பின்னால் மிக்ஸிங் மேசைக்கு அருகில் நின்று, மற்றவர்கள் வாசிப்பதைத் தன் கருவிக்குள் இழுத்து உருமாற்றி அனுப்புவார். அந்தக் கருவி வி.சி.எஸ். 3. பியானோக் கட்டைகள் அதன் உடலில் கிடையாது. சிறு துளைகள் நிறைந்த ஒரு சதுரப் பலகையில் ஊசிகளைச் செருகி, எந்த ஒலி எந்த வழியாகப் போக வேண்டும் என்று முடிவு செய்ய வேண்டும். பக்கத்தில் ஒரு திருகுபிடி. விரல் பயிற்சி அற்ற ஒருவருக்கு இதைவிட வாகான கருவி அமையாது. பிறகு மேடைக்கு வந்தார், இறகும் முகப்பூச்சுமாக. பார்வையாளர்களின் கண் பாடகர் பிரையன் ஃபெர்ரியை விட்டுவிட்டு இவர் பக்கம் திரும்பத் தொடங்கியது. ஒரே குழுவில் இரண்டு பிரையன்கள் எத்தனை நாள் தாங்குவார்கள்? இரண்டு ஆல்பங்களோடு 1973-இல் விலகினார். மேடையில் நிற்கும்போது துவைக்கப் போட வேண்டிய துணிகளைப் பற்றி யோசித்துக்கொண்டிருப்பதைத் தானே கவனித்தபோதுதான் கிளம்பும் நேரம் வந்துவிட்டது என்று புரிந்தது என அவர் பிற்பாடு சொல்லியிருக்கிறார்.

கிங் கிரிம்ஸன் குழுவின் கிதார் கலைஞர் ராபர்ட் ஃப்ரிப்புடன் அவர் செய்த வேலையைத்தான் நான் முக்கியமாகக் கருதுகிறேன். இரண்டு ரீவாக்ஸ் டேப் ரெக்கார்டர்களைத் தள்ளித் தள்ளி வைத்தார். முதல் இயந்திரம் கிதாரைப் பதியும். அதே நாடா நீண்டு போய் இரண்டாவது இயந்திரத்தில் ஏறும்; அது சில நொடிகள் கழித்து அந்தப் பகுதியை ஒலிக்கச் செய்து, மறுபடி முதல் இயந்திரத்துக்கே அனுப்பும். ஃப்ரிப் வாசித்த ஒவ்வொரு சுரமும் திரும்பி வரும், கொஞ்சம் மங்கி, அடுத்த சுரத்தின்மேல் படியும். வாசித்தவர் ஃப்ரிப். ஆனால் எவ்வளவு நேரம் கழித்துத் திரும்ப வேண்டும், எவ்வளவு மங்க வேண்டும் என்று தீர்மானித்தவர் ஈனோ. இது 1973-இல் ஆல்பமாக வந்தது.

1975-இல் டாக்ஸி மோதிப் படுக்கையில் கிடந்ததும், தோழி கொண்டுவந்த ஹார்ப் இசைத்தட்டு மழைச் சத்தத்துக்கு அடியில் பாதி கேட்டும் கேளாமலும் ஓடியதும், அதிலிருந்து ஆம்பியன்ட் இசை (அறையின் சூழலோடு கலந்து பின்னணியில் ஒலிக்கும் இசை) என்ற யோசனை பிறந்ததும் எல்லோரும் சொல்லும் கதை. உண்மைதான், ஆனால் அந்த ஒரு பிற்பகலுக்கு நாம் ரொம்பவே புகழ் கொடுத்துவிட்டோம். நாடா திரும்பத் திரும்ப ஓடும் அமைப்பு அதற்கு முன்பே அவர் வீட்டில் தயாராக இருந்தது.

அந்த அமைப்பின் உச்சம் 1978-இல் வந்த விமான நிலையங்களுக்கான இசை ஆல்பம். அதில் வெறும் மனிதக் குரல்களால் ஆன ஒரு துண்டு இருக்கிறது. ஜெர்மனியில் கொலோன் அருகே கான்னி பிளாங்க் என்பவரின் ஒலிப்பதிவுக் கூடத்தில் அதன் வேலை நடந்தது. ஒரே ஒரு சுரத்தைப் பாடிப் பதிந்து, அந்த நாடாவின் இரு முனைகளையும் ஒட்டி வளையமாக்கினார்கள்; இப்படி ஒவ்வொரு சுரத்துக்கும் ஒரு வளையம். வளையம் இயந்திரத்துக்குள் அடங்காத நீளம். அதனால் அலுமினியக் குழாய் நாற்காலிகளின் கால்களைச் சுற்றி ஓடவிட்டார்கள். ஈனோ ஓர் உரையில் சொன்ன கணக்கு இது: ஒரு வளையம் 23 1/2 நொடி, அடுத்தது 25 7/8 நொடி, மூன்றாவது 29 15/16 நொடி, ஏறத்தாழ. எல்லாவற்றையும் ஒன்றாகத் தொடங்கிவிட்டு அவர் கையைக் கட்டிக்கொண்டார்.

இதே மூன்று நீளங்களில் நானும் மூன்று கோப்புகள் செய்து கணினியில் ஓடவிட்டு, பக்கத்தில் வேறு வேலை பார்த்தேன். சில சமயம் மூன்று சுரங்களும் அடுத்தடுத்து விழுந்து ஒரு சின்ன மெட்டுப் போலத் தோன்றும். அதைப் பிடித்துக்கொள்ளலாம் என்று காதைத் தீட்டினால் அது மறுபடி வராது. மூன்று வளையங்களும் தொடங்கிய அதே நிலையில் மீண்டும் சந்திக்க எவ்வளவு நேரம் ஆகும் என்று கணக்குப் போட்டுப் பார்த்தேன்: கிட்டத்தட்ட 27 நாட்கள். நம் தனி ஆவர்த்தனத்தில் எத்தனை கணக்குப் போட்டாலும் கோர்வை கடைசியில் சமத்தில், அதாவது தாளம் தொடங்கும் இடத்தில், வந்து விழ வேண்டும், அப்போதுதான் கை தட்டுவோம். இவர் அந்தச் சந்திப்பையே கிட்டத்தட்ட ஒரு மாதத்துக்கு ஒத்திப்போட்டுவிட்டார். இதைச் சலிப்பு என்பவர்களோடு நான் சண்டை போடுவதில்லை. கவனித்துக் கேட்க முடிவதோடு கவனிக்காமல் விடவும் முடிய வேண்டும் என்று அவரே அந்த ஆல்பத்தின் குறிப்பில் எழுதியிருக்கிறார்.

இனி தயாரிப்பாளர் விஷயம். சினிமாவில்போலப் பணம் போடுபவர் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். ஆல்பம் உருவாகும்போது கூடத்தில் உட்கார்ந்து, எதை வைப்பது, எதைத் தூக்குவது, எப்போது நிறுத்துவது என்று சொல்லுகிறவர்.

முதலில் ஒரு தவறான தகவலைக் களைந்துவிடுகிறேன். ராக் பாடகர் டேவிட் போவியின் பெர்லின் காலத்து மூன்று ஆல்பங்களை (1977 முதல் 1979 வரை) ஈனோ தயாரித்தார் என்று பாதி இணையம் எழுதுகிறது. போவியோடு சேர்ந்து அவற்றைத் தயாரித்தவர் டோனி விஸ்கான்டி. ஈனோ அங்கே கூட்டாளி: சிந்தசைசர், சில பாடல்களில் இணை ஆசிரியர், அப்புறம் அந்தச் சீட்டுக்கட்டு. ஓவியர் பீட்டர் ஷ்மிட்டுடன் சேர்ந்து 1975-இல் அவர் வெளியிட்ட 'ஆப்ளீக் ஸ்ட்ராடஜீஸ்' என்ற கட்டில், வேலை முட்டிக்கொண்டு நிற்கும்போது எடுத்துப் பார்க்க வேண்டிய ஒற்றை வரிக் கட்டளைகள் உண்டு. போவியோடு ஒரு வாத்தியத் துண்டு செய்தபோது இருவரும் ஆளுக்கொரு சீட்டு எடுத்து, ஒருவருக்கொருவர் காட்டாமல் வேலை செய்தார்கள். ஈனோவின் சீட்டு எல்லாவற்றையும் ஒன்றுபோல ஆக்கச் சொன்னது. போவியுடையது வேறுபாடுகளை அழுத்திக் காட்டச் சொன்னது. இப்ஸ்விச்சில் அஸ்காட் மாணவர்களிடம் ஆடிய ஆட்டமேதான் இது.

டாக்கிங் ஹெட்ஸ் என்ற நால்வர் ராக் குழுவுக்கு 1978 முதல் 1980 வரை மூன்று ஆல்பங்கள் தயாரித்தார். மூன்றாவதில் நைஜீரியாவின் ஃபெலா குட்டி இசையின் தாக்கத்தில், நீண்ட ஒரே தாளத்தின்மேல் துண்டு துண்டாக அடுக்கிக் கட்டினார்கள். ஆல்பம் அபாரம்; ஆனால் பாடலாக்கத்தில் யாருக்கு எவ்வளவு பங்கு என்பதில் குழுவின் மற்றவர்களுக்குக் கசப்பு மிஞ்சியது. உள்ளே நுழைந்தால் ஐந்தாவது உறுப்பினராகவே ஆகிவிடும் தயாரிப்பாளரோடு அந்தச் சிக்கலும் சேர்ந்தே வரும்.

யூ 2 என்ற ராக் குழுவிடம் போனபோது இன்னொரு தயாரிப்பாளரான கனடாக்காரர் டேனியல் லான்வாவையும் கூட்டிக்கொண்டு போனார். 1984-இல் தொடங்கிய உறவு அது. 1987-இல் வந்த அவர்களது ஆல்பம் அந்த ஆண்டின் சிறந்த ஆல்பத்துக்கான கிராமி விருது வாங்கியது. அந்த ஆல்பத்தின் முதல் பாடல் வாரக்கணக்கில் இழுத்தடித்தது. திருத்தித் திருத்தி எல்லோரும் நொந்துபோக, நாடாவையே அழித்துவிட்டால் இவர்கள் புதிதாகத் தொடங்கியே ஆக வேண்டும் என்று ஈனோ முடிவு கட்டினார். அழிக்கப் போன நேரத்தில் ஒலிப்பொறியாளர் பேட் மெக்கார்த்தி தடுத்துவிட்டார். என்னைக் கேட்டால், மெக்கார்த்திக்குத் தனியாக ஒரு கிராமி கொடுத்திருக்க வேண்டும். கோப்புகளுக்கு மூன்று நகல் எடுத்துவிட்டுத் தூங்கப் போகும் என்னைப் போன்றவர்களுக்கு இந்தக் கதையைக் கேட்டாலே வயிற்றைக் கலக்கும்.

நீங்கள் அறியாமலே கேட்டிருக்கும் அவரது படைப்பு ஒன்று உண்டு: விண்டோஸ் 95 திறக்கும்போது வரும் ஒலி. பெயரடைகளாக ஒரு நீண்ட பட்டியலைக் கொடுத்து, சில நொடிகளுக்குள் வேண்டும் என்று மைக்ரோசாஃப்ட்காரர்கள் கேட்டார்கள். அவர் 84 துண்டுகள் செய்தார். செய்தது ஆப்பிளின் மேக் கணினியில் என்பதைப் பின்னாளில் அவரே ஒப்புக்கொண்டார்.

ஓவியம், ஒளி பற்றிக் கேட்டிருந்தீர்கள். நியூயார்க்கில் வசித்தபோது ஒரு பழைய வீடியோ கேமரா வாங்கினார். முக்காலி கிடையாது. எனவே ஜன்னல் விளிம்பில் கேமராவைப் பக்கவாட்டில் படுக்க வைத்து, வானத்தையும் தண்ணீர்த் தொட்டிகளையும் மேகங்களையும் அப்படியே பதிவு செய்தார். படம் படுத்துக்கொண்டு வந்தது. சரிசெய்ய அவர் கண்ட வழி, தொலைக்காட்சிப் பெட்டியையே ஒருக்களித்து வைப்பது. 1980-81 வாக்கில் செய்த இந்தப் படங்களில் கதை இல்லை, வெட்டு இல்லை. வெளிச்சம் மெல்ல மாறும், அவ்வளவுதான். செங்குத்தாக நிற்கும் திரை சட்டம் போட்ட ஓவியமாகிவிட்டது.

2006-இல் வந்த '77 மில்லியன் பெயின்டிங்ஸ்' நாற்காலிக் காலைச் சுற்றி ஓடிய வளையங்களின் நேர் வாரிசு. கையால் செய்த நூற்றுக்கணக்கான படங்களை ஒரு கணினி நிரல் ஒன்றன்மேல் ஒன்றாக, மிக மெதுவாக, முன்கூட்டிச் சொல்ல முடியாத சேர்க்கைகளில் கரைத்துக் காட்டும். சாத்தியமான சேர்க்கைகளின் எண்ணிக்கைதான் அந்த 7 கோடியே 70 லட்சம். 2009-இல் சிட்னி ஆபரா ஹவுஸின் கூரைகள்மேல் அதைப் பாய்ச்சினார்கள். 2013-இல் இங்கிலாந்தின் ஹோவ் நகரில் உள்ள மான்டிஃபியோரி மருத்துவமனையில் நிரந்தரமாக நிறுவினார்கள். நோயாளிகளுக்கென அமைதி அறை ஒன்றும் உண்டு. ஆபரா ஹவுஸைவிட மருத்துவமனைதான் அந்தக் கலைக்குச் சரியான இடம் என்பது என் எண்ணம். கூரையில் ஏற்றியபோது அது திருவிழா விளக்காகிவிட்டது. காத்திருப்பதைத் தவிர வேறு வேலை இல்லாதவன் முன்னால்தான் அந்த மெதுவான மாற்றம் எடுபடும்.

2023-இல் வெனிஸ் பினாலே கலைவிழா தன் இசைப் பிரிவில் அவருக்கு வாழ்நாள் சாதனைக்கான தங்கச் சிங்கம் விருதை அளித்தது.

கேட்கத் தொடங்க வேண்டும் என்றால் விமான நிலைய இசையில் ஆரம்பிக்காதீர்கள், பாதியில் எழுந்து போய்விடுவீர்கள். 1975-இல் வந்த 'அனதர் கிரீன் வேர்ல்ட்' ஆல்பத்தை எடுங்கள். எழுதி வைத்த பாடல் ஏதும் இல்லாமல் வாடகைக் கூடத்துக்குள் நுழைந்து, சீட்டுக்கட்டை வைத்துக்கொண்டு செய்தது. 14 துண்டுகளில் 5-இல்தான் பாட்டு வரிகள் உண்டு. சிலவற்றில் டிரம்ஸ் வாசிப்பவர் ஃபில் காலின்ஸ். ராக் பாடகரும் பின்னாளைய ஒளிக் கலைஞரும் அதில் மாறி மாறி வருவார்கள். எந்த இடத்தில் ஒருவர் முடிந்து மற்றவர் தொடங்குகிறார் என்று கண்டுபிடித்தால் கீழே கருத்துப் பகுதியில் எழுதுங்கள்.