கோசுமல்லி செய்தால் தண்ணீர் விட்டுக்கொள்கிறதே, எங்கே தப்பு செய்கிறேன்?

உப்பை எப்போது போடுகிறீர்கள்? பருப்பை ஊறவைத்தது, வெள்ளரிக்காய் நறுக்கியது, தாளித்தது எல்லாம் எழுதியிருக்கிறீர்கள். அது ஒன்றுதான் இல்லை. காலையில் கலந்தது பத்து மணிக்குள் அடியில் தண்ணீர் கட்டுகிறது என்றால், அநேகமாக உப்பை முதலிலேயே போட்டுவிடுகிறீர்கள்.

கல்யாணமான முதல் வருஷ ராமநவமிக்கு நானும் இதையேதான் செய்தேன். பானகம், நீர்மோர், கோசுமல்லி மூன்றும் என் பொறுப்பு. கெட்டிக்காரி என்று பெயர் வாங்க, ஏழு மணிக்கே எல்லாவற்றையும் கலந்து மூடி வைத்தேன். பூஜை நேரத்தில் மூடியைத் திறந்தால் வெள்ளரிக்காய் துவண்டு கிடக்கிறது, பருப்பு மிதக்கிறது. மாமியார் கரண்டியால் ஒரு கிளறு கிளறிவிட்டு, "நீர்மோர்தான் தனியா இருக்கேம்மா, இது எதுக்கு?" என்றார்.

வெள்ளரிக்காயில் பெரும்பகுதி தண்ணீர்தான். உப்பு பட்டதும் அதை வெளியே இழுத்துவிடும். அதனால் உப்பும் எலுமிச்சைச் சாறும் கடைசியில், இலை போட்ட பிறகுதான்.

இப்போது நான் செய்யும் முறை. அரை கப் பாசிப்பருப்பைக் கழுவி முக்கால் மணி நேரம் ஊறவைப்பேன். கடிகாரத்தைவிட நகத்தை நம்புங்கள். ஒரு பருப்பை எடுத்துக் கிள்ளினால் 'டக்'கென்று உடைய வேண்டும். உள்ளே வெள்ளையாகக் கடினமாக இருந்தால் இன்னும் பத்து நிமிஷம். மாவாக நசுங்கினால் நேரம் கடந்துவிட்டது, அதை அடைக்குப் போட்டுவிடுங்கள். ஊறியதை வடிகட்டியில் கொட்டி விட்டால் மட்டும் போதாது, ஒரு துணியில் பரப்பி ஈரம் போக விடுங்கள். தண்ணீர் கட்டுவதில் இந்தப் பருப்புக்கும் பங்கு உண்டு, பாவம் வெள்ளரிக்காய்தான் கெட்ட பெயர் வாங்குகிறது.

வெள்ளரிக்காய் பிஞ்சாக இருக்கட்டும். முற்றியது என்றால் விதைப்பகுதியை ஸ்பூனால் வழித்து எடுத்துவிடுங்கள். நறுக்குவதற்கு முன் ஒரு துண்டு வாயில் போட்டுப் பார்ப்பது நல்லது, ஒரு கசப்புக் காய் மொத்தத்தையும் கெடுத்துவிடும். பொடியாக நறுக்குங்கள், துருவ வேண்டாம். துருவினால் உப்பே தேவையில்லை, தானாகவே நீர் விடும். கேரட்டைத் துருவலாம். மாங்காய்க் காலமென்றால் இரண்டு ஸ்பூன் மாங்காய்த் துருவல், அப்போது எலுமிச்சையைக் குறைத்துக்கொள்ளுங்கள். தேங்காய்த் துருவல் மூன்று ஸ்பூன், கொத்தமல்லி கொஞ்சம்.

தாளிப்புக்கு ஒரு ஸ்பூன் தேங்காய் எண்ணெய், கடுகு, பச்சை மிளகாய் இரண்டு, பெருங்காயம், கறிவேப்பிலை. சூட்டோடு கொட்டாதீர்கள், காய் வதங்கிவிடும். ஆறட்டும்.

முன்கூட்டியே செய்துதான் ஆக வேண்டுமென்றால், பருப்பையும் வெள்ளரிக்காயையும் தனித்தனியாக ஃபிரிட்ஜில் வையுங்கள். சாப்பிட உட்காரும்போது மற்றதெல்லாம் சேர்த்து, அரை ஸ்பூன் உப்பும் அரை மூடி எலுமிச்சையும். நைவேத்தியத்துக்கு என்றால் ருசி பார்க்க முடியாது, அதனால் உப்புக்கு இந்த அளவு உதவும்.

கர்நாடகத்தில் கோசம்பரி என்பார்கள், அங்கே கடலைப்பருப்பிலும் செய்வார்கள். அதற்கு இரண்டு மணி நேரமாவது ஊற வேண்டும். அப்புறம், செட்டிநாட்டு வீட்டில் போய் "கோசமல்லி" என்று கேட்டால் கத்தரிக்காயை வேகவைத்து மசித்துப் புளி விட்டுச் செய்தது வரும். இட்லிக்குப் பிரமாதமாக இருக்கும், ஆனால் இது அதுவல்ல.

ஏற்கெனவே தண்ணீர் விட்டதை வீணாக்க வேண்டாம். அன்றைக்கு மாமியார் அதில் இரண்டு கரண்டி கெட்டித் தயிரை விட்டுக் கலந்து, தயிர்ப் பச்சடி என்று இலையில் வைத்துவிட்டார். பக்கத்து வீட்டு மாமி இரண்டாம் தடவை கேட்டு வாங்கிக்கொண்டார்.