தாஜ்மகாலும் யானைகளும் ஒரே நாளில்: முன்பணம் கட்டுவதற்கு முன்

கேள்வி: தாம்பரத்திலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். டிசம்பர் கடைசி வாரத்தில் 68 வயது அம்மாவுடனும் பத்து வயது மகளுடனும் தில்லிக்குச் செல்கிறார். சுற்றுலா முகவர் ஒருவர், தில்லியிலிருந்து அதிகாலையில் காரில் கிளம்பி, வழிகாட்டியுடன் தாஜ்மகாலையும் அதன் பிறகு ஒரு "யானைச் சரணாலயத்தையும்" பார்த்துவிட்டு இரவுக்குள் திரும்பலாம் என்று கூறியிருக்கிறார். அங்கே யானையைக் குளிப்பாட்டலாம், முதுகில் ஏறிப் படம் எடுத்துக்கொள்ளலாம் என்பதும் திட்டத்தில் இருக்கிறது. யானையைத் துன்புறுத்தும் இடமென்றால் வரமாட்டேன் என்கிறாள் மகள். விலங்குகளை நல்லபடியாக வைத்திருக்கும் இடத்தை எப்படி அடையாளம் காண்பது, இரண்டையும் ஒரே நாளில் பார்க்க முடியுமா என்பவை அவருடைய கேள்விகள்.

பதில்: இரண்டையும் ஒரே நாளில் பார்க்கலாம்; ஆனால் உங்கள் முகவர் சொன்ன இடத்திலும் அவர் சொன்ன வரிசையிலும் அல்ல. "முதுகில் ஏறலாம்" என்று அவர் சொன்னதுமே அந்தத் திட்டத்தை நீங்கள் தள்ளிவிடலாம். முன்பின் தெரியாதவர்களை நாள்தோறும் முதுகில் ஏற்றிக்கொள்ளவும், வெவ்வேறு கைகள் தேய்த்துவிடும்வரை அசையாமல் படுத்திருக்கவும் ஒரு யானை பழகியிருக்கிறதென்றால், அந்தப் பழக்கம் பெரும்பாலும் சங்கிலியாலும் அங்குசத்தாலும் வந்ததாகவே இருக்கும். உங்கள் மகள் கேட்டது சரியான கேள்வி.

முதலில் "சரணாலயம்" என்ற சொல்லைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், ஏனெனில் குழப்பம் அங்கேதான் தொடங்குகிறது. 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின்படி சரணாலயம் என்பது அரசு அறிவிக்கை செய்த ஒரு நிலப்பரப்பு. நம் வேடந்தாங்கலைப் போல, அங்கே விலங்குகளும் பறவைகளும் தம் விருப்பப்படி வந்து போகும். சர்க்கஸிலிருந்தும் தெருப்பிச்சையிலிருந்தும் மீட்கப்பட்டு, இனிக் காட்டுக்குத் திரும்ப இயலாத விலங்குகளை ஆயுள் முழுதும் பராமரிக்கும் இடம் வேறு. அதை மீட்பு மையம் என்றோ மறுவாழ்வு மையம் என்றோ சொல்வதே பொருத்தம். திருச்சிக்கு அருகே எம்.ஆர்.பாளையத்தில் தமிழ்நாடு வனத்துறை நடத்துவது இந்த வகையைச் சேர்ந்தது. சுற்றுலாச் சந்தையிலோ கொட்டகையில் நான்கு யானைகளைக் கட்டி வைத்திருப்பவரும் பலகையில் சரணாலயம் என்றே எழுதிக்கொள்கிறார். ஆகவே பலகையைப் பார்த்து எதையும் முடிவு செய்ய வேண்டாம்.

ஆக்ராவுக்கு அருகே நான் பரிந்துரைக்கக்கூடிய மையங்கள் இரண்டு. 1995இல் கார்த்திக் சத்தியநாராயணனும் கீதா சேஷமணியும் தொடங்கிய வைல்ட்லைஃப் எஸ்.ஓ.எஸ். என்னும் அமைப்பு இரண்டையும் நடத்துகிறது. முதலாவது, கீத்தம் ஏரியைச் சுற்றியுள்ள சூர் சரோவர் பறவைகள் சரணாலயத்துக்குள் 1999இல் அமைந்த கரடி மீட்பு மையம். சூர் சரோவர் சட்டப்படியே சரணாலயம். 2020இல், உலக அளவில் முக்கியமான ஈரநிலங்களைக் கொண்ட ராம்சார் பட்டியலிலும் சேர்ந்தது. (கவி சூர்தாஸ் வாழ்ந்ததாகச் சொல்லப்படும் இடம் பக்கத்தில் இருப்பதால் அந்தப் பெயர்.) இரண்டாவது, ஆக்ராவுக்கும் மதுராவுக்கும் இடையே சுர்முரா கிராமத்தில் 2010 முதல் இயங்கும் யானைப் பராமரிப்பு மையம். இந்தியாவில் யானைகளுக்கென்றே கட்டப்பட்ட முதல் மருத்துவமனை 2018இல் இதை ஒட்டித் திறக்கப்பட்டது.

கரடி மையம் ஏன் ஆக்ராவுக்குப் பக்கத்தில் வந்தது என்பது, தாஜ்மகாலைப் பார்க்கச் செல்லும் எவரும் அறிந்திருக்க வேண்டிய செய்தி. தில்லி, ஆக்ரா, ஃபதேபூர் சிக்ரி, ஜெய்ப்பூர் ஆகிய ஊர்களை இணைக்கும் சாலைகளின் ஓரத்தில் கலந்தர் சமூகத்தினர் தேன்கரடிகளை ஆடவைத்துப் பிழைத்துவந்தார்கள். காரை நிறுத்திப் படம் எடுத்துக் காசு கொடுத்தவர்களில் பெரும்பாலோர் தாஜ்மகாலுக்குப் போகும் வழியில் இருந்த சுற்றுலாப் பயணிகள். காட்டில் தாயிடமிருந்து திருடப்பட்ட குட்டியின் மூக்குப் பகுதியைப் பழுக்கக் காய்ச்சிய கம்பியால் துளைத்து, அந்தப் புண்ணின் வழியே கயிற்றைக் கோத்து, கோரைப் பற்களைத் தட்டி எடுத்துவிடுவார்கள். கயிற்றைச் சுண்டும்போது வலி பொறுக்காமல் விலங்கு எழுந்து நின்று கால் மாற்றியதைத்தான் நாம் நடனம் என்றோம். 600க்கும் மேற்பட்ட கரடிகள் மீட்கப்பட்ட பிறகு, 2009இல் கடைசி ஆட்டக்கரடியும் சாலையிலிருந்து விடுபட்டது. கரடியைப் பறித்துக்கொண்டு மனிதரைக் கைவிட்டிருந்தால் அவர்கள் அடுத்த குட்டியைத் தேடிப் போயிருப்பார்கள். கலந்தர் குடும்பங்களுக்கு மாற்றுத் தொழிலும் பிள்ளைகளுக்குப் படிப்பும் சேர்த்து ஏற்பாடு செய்யப்பட்டதால்தான் இது நிலைத்தது என்பது என் எண்ணம்.

யானை மையத்தில் இருப்பவை சர்க்கஸிலும் கல்யாண ஊர்வலங்களிலும் நகரத் தெருக்களிலும் உழைத்து ஓய்ந்தவை. பல ஆண்டுகள் தார்ச்சாலையிலும் சிமென்ட் தரையிலும் நின்றதால் பாதம் வெடித்துச் சீழ்பிடிப்பதும் மூட்டு தேய்வதும் இவற்றின் பொதுவான நோய்கள். பார்வை இழந்தவையும் உண்டு. எனவே துள்ளி விளையாடும் குட்டி யானைகளை மகள் எதிர்பார்க்க வேண்டாம். மருந்து நீரில் கால் நனைத்து நிற்கும் ஒரு கிழட்டு யானையை அவள் பார்க்கக்கூடும் என்பதை முன்கூட்டியே சொல்லி அழைத்துச் செல்லுங்கள்.

ஓர் இடம் நம்பத்தக்கதா என்று சோதிக்க நான் கேட்பது ஒரே கேள்வி: பார்வையாளர் வரும்போது விலங்கு என்ன செய்ய வேண்டியிருக்கிறது? எதுவும் செய்ய வேண்டியதில்லை, அது தன் போக்கில் மண்ணை வாரி இறைத்துக்கொண்டிருக்கும், நீங்கள் தள்ளி நின்று பார்ப்பீர்கள் என்ற பதில் வந்தால் மேற்கொண்டு பேசலாம். சவாரி, குளியல், ஆசீர்வாதம், ஓவியம் வரைதல் என்று பட்டியல் நீண்டால் நீங்கள் வேறு இடம் பார்ப்பது நல்லது. தொடக்கூடாது என்பதற்கு உடல்நலக் காரணமும் இருக்கிறது: மனிதருக்கு வரும் காசநோய்க் கிருமி வளர்ப்பு யானைகளுக்கும் தொற்றும், அவற்றிடமிருந்து திரும்ப மனிதருக்கும் தொற்றலாம். விலங்குகள் எங்கிருந்து வந்தன, குட்டிகள் பிறக்கவிடப்படுகின்றனவா, விற்பதோ வாடகைக்குக் கொடுப்பதோ உண்டா என்பவற்றையும் கேளுங்கள். மீட்பு மையம் என்று சொல்லிக்கொண்டு ஆண்டுதோறும் குட்டி காட்டும் இடம் உண்மையில் பண்ணைதான். அதே சமயம், ஒரு சங்கிலியைக் கண்டதுமே கொடுமை என்று தீர்ப்பெழுதிவிடவும் கூடாது. மதம் பிடித்த ஆண் யானையைத் தனித்து வைப்பதும் சிகிச்சையின்போது கட்டுவதும் நல்ல மையங்களிலும் நடப்பவை. எவ்வளவு நேரம், எதற்காக என்று கேட்டால் ஒளிக்காமல் பதில் சொல்கிறார்களா என்பதுதான் வேறுபாடு.

இந்த இரு மையங்களுக்கும் முன்பதிவு செய்துகொண்டுதான் போக வேண்டும். டாக்சி ஓட்டுநர் "நான் பேசி உள்ளே விடுகிறேன்" என்பதை நம்பிப் போகாதீர்கள். குறித்த நேரத்தில் மையத்தின் ஊழியரே உங்களைச் சுற்றிக் காட்டுவார், அதற்குச் சுமார் இரண்டு மணி நேரம் ஒதுக்குங்கள். ஒரே நாளில் கரடி, யானை இரண்டையும் திணிக்க முயல வேண்டாம். யானையைத்தான் பார்க்க வேண்டும் என்று மகள் பிடிவாதம் பிடிக்காவிட்டால், நான் கரடி மையத்தைத் தேர்ந்தெடுப்பேன்: ஆக்ராவுக்குப் பக்கத்தில்தான், ஏரியில் குளிர்காலத்து வலசைப் பறவைகளும் இருக்கும், அம்மாவுக்கும் அலைச்சல் குறைவு. சரணாலயத்துக்கான வனத்துறை நுழைவுக் கட்டணம் முகவர் சொல்லும் தொகையில் சேர்ந்ததா என்பதை மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள்.

இனி நாள் திட்டம். வழக்கமாக எல்லோரும் சொல்வது, சூரிய உதயத்துக்குத் தாஜ்மகால், பிறகு விலங்குகள். அக்டோபரிலோ மார்ச்சிலோ நானும் அதையே சொல்லியிருப்பேன். டிசம்பர் கடைசியில் யமுனைக் கரையில் காலை பத்து மணிவரைகூட மூடுபனி விலகாத நாட்கள் பல. குளிரில் நடுங்கியபடி வெள்ளைப் பனிக்குள் வெள்ளைக் கட்டடத்தைத் தேடிவிட்டுத் திரும்பியவர்கள் ஏராளம். தில்லியை அடுத்த கிரேட்டர் நொய்டாவிலிருந்து ஆக்ரா செல்லும் 165 கிலோமீட்டர் யமுனா விரைவுச்சாலையில், பனிக்காலத்தில் வாகன வேகத்தின் உச்சவரம்பையே குறைத்துவிடுகிறார்கள். பனிமூட்டத்தில் வண்டிகள் அடுத்தடுத்து மோதிக்கொள்ளும் சாலை அது. விடிவதற்கு முன் மூன்று மணிக்கு முதியவரையும் குழந்தையையும் அதில் ஏற்றிக்கொண்டு போகும் திட்டத்தை நான் ஒப்பமாட்டேன்.

அதற்குப் பதிலாக, தில்லிக்குப் போய்விட்டு ஆக்ராவுக்குத் திரும்பி வருவதையே தவிர்த்துவிடலாம். சென்னையிலிருந்து புறப்படும் தமிழ்நாடு எக்ஸ்பிரஸும் கிராண்ட் டிரங்க் எக்ஸ்பிரஸும் தில்லிக்கு முன்பே ஆக்ரா கன்டோன்மென்ட்டில் நிற்கின்றன. அங்கேயே இறங்கி, அன்று ஓய்வெடுத்து, மறுநாளை இந்தப் பயணத்துக்கு வைத்துக்கொண்டு, பிறகு தில்லிக்குப் போங்கள். தில்லிப் பயணச்சீட்டை மாற்ற முடியாதென்றால், ஹஸ்ரத் நிஜாமுதீனிலிருந்து காலையில் புறப்படும் கதிமான் எக்ஸ்பிரஸ் 100 நிமிடத்தில் ஆக்ராவில் விடும். பனியால் தாமதமானாலும் சாலையைவிட அது பாதுகாப்பு. அந்த ரயில் வெள்ளிக்கிழமை ஓடாது. தாஜ்மகாலும் வெள்ளிக்கிழமை பார்வையாளருக்குத் திறக்காது. அன்று அங்குள்ள மசூதியில் தொழுகை மட்டுமே. எந்த முகவர் வெள்ளிக்கிழமையில் தேதி கொடுத்தாலும் அவரிடம் வேறு எதையும் பேச வேண்டியதில்லை.

ஆக்ராவில் தங்கிவிட்டால் வரிசை இப்படி அமையும். காலையில் சாப்பிட்டுவிட்டு மதுரா செல்லும் பழைய நெடுஞ்சாலையில், கரடி மையம் இருக்கும் கீத்தத்துக்குப் போங்கள். வழியில் சிக்கந்தராவில் அக்பரின் சமாதி இருக்கிறது. நேரமிருந்தால் திரும்பும்போது அரை மணி நேரம் இறங்கலாம். மதிய உணவுக்குப் பிறகு ஒன்றரை மணிக்குள் தாஜ்மகால் வாயிலில் இருங்கள். சூரியன் மறைவதற்கு அரை மணி நேரம் முன்பே மூடிவிடுவார்கள், நுழைவுச்சீட்டு வழங்குவது அதற்கும் முன்னதாக நின்றுவிடும், உள்ளே இருக்க மூன்று மணி நேரம்தான் அனுமதி என்பதால், மாலை வெயிலில் சலவைக்கல் மஞ்சளாவதைப் பார்க்க இதுவே கணக்கான நேரம். ஆண்டிறுதி வாரத்தில் வரிசை மிக நீளும். எனவே சீட்டை இணையத்திலேயே எடுத்துவிடுங்கள்: இதை எழுதும்போது இந்தியருக்கு 50 ரூபாய், சமாதி மேடையில் ஏற மேலும் 200 ரூபாய், 15 வயதுக்குட்பட்டவருக்குக் கட்டணமில்லை. அம்மாவால் படி ஏற முடியாதென்றால் அந்த 200 ரூபாயை அவருக்குக் கட்ட வேண்டாம். தோட்டத்து இருக்கையிலிருந்து பார்க்கும் காட்சி மேடையில் கிடைப்பதைவிடக் குறைந்ததல்ல.

பெட்ரோல், டீசல் வண்டிகளைத் தாஜ்மகாலை நெருங்க விடமாட்டார்கள்; கிழக்கு வாயில் பக்கம் ஷில்ப்கிராம் வாகன நிறுத்துமிடத்தில் இறங்கி மின்கல வண்டியில் போக வேண்டும். சுற்றுப்புற ஆலைகளின் புகை சலவைக்கல்லை அரிப்பதாக எழுந்த வழக்கில், தாஜ்மகாலைச் சுற்றிய 10,400 சதுர கிலோமீட்டர் பகுதியிலிருந்த ஆலைகள் நிலக்கரியைக் கைவிட வேண்டும் என்று 1996இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. வண்டிகள் மீதான தடையும் அந்த வரிசையில் வந்ததுதான். தின்பண்டம், பெரிய பை, கேமரா முக்காலி ஆகியவற்றை உள்ளே விடமாட்டார்கள். வாயிலைச் சுற்றிக் குரங்குகள் அதிகம். காலையில் கரடி மையத்தில் தள்ளி நின்று பார்க்கக் கற்றுக்கொண்ட மகள், மாலையில் குரங்குக்குப் பிஸ்கட் நீட்டாமல் பார்த்துக்கொள்ளுங்கள். கையிலிருந்து உணவு வாங்கப் பழகிய குரங்கு அடுத்து வருபவரின் கையைக் கடிக்கும்.

வழிகாட்டியைப் பொறுத்தவரை, அரசு உரிமம் பெற்றவரா என்று அடையாள அட்டையைப் பார்த்தே அமர்த்துங்கள். தாஜ்மகாலுக்கு மட்டும் அவர் போதும். கீத்தத்துக்கு அவரை அழைத்துச் செல்லத் தேவையில்லை. "ஷாஜகானின் கைவினைஞர்களுடைய வாரிசுகள்" என்று சலவைக்கல் கடைக்கு அழைத்துப்போவது ஆக்ராவில் அன்றாட வழக்கம், அதில் ஓட்டுநருக்கும் வழிகாட்டிக்கும் பங்கு உண்டு. ஒரு முறை நான் ஒரு குடும்பத்துடன் சென்றபோது இப்படி மூன்று கடைகளில் இரண்டு மணி நேரம் போய், ஏரியை அடைந்தபோது வாயிலை மூடிவிட்டிருந்தார்கள். கடை எதிலும் நிறுத்தக்கூடாது என்பதை வண்டியை அமர்த்தும்போதே சொல்லி, அதையும் சேர்த்துத் தொகையைப் பேசிக்கொள்ளுங்கள்.