கல்யாண யோசனைக்கு ரீல்ஸை விட்டால் வேறு எங்கே பார்ப்பது? ஆல்பம் டிசைன் செய்பவனின் பதில்

கேள்வி இது: "தை மாதம் எனக்குக் கல்யாணம். மன்னார்குடிப் பக்கம் மண்டபம் பேசியாச்சு. இன்ஸ்டாகிராமிலும் பின்டரெஸ்ட்டிலும் பார்க்கிற எதுவும் எங்கள் ஊருக்கும் ஒத்து வரவில்லை, பட்ஜெட்டுக்கும் ஒத்து வரவில்லை. நிஜமாக நடந்த கல்யாணங்களிலிருந்து யோசனை எடுக்க எங்கே போவது?"

முதலில் வாழ்த்துகள். கும்பகோணத்தில் கல்யாண ஆல்பம் டிசைன் செய்வது என் பிழைப்பு. போட்டோகிராபர்கள் ஹார்ட் டிஸ்க்கைக் கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போவார்கள். ஒரு கல்யாணத்துக்கு ஆயிரக்கணக்கில் படம் இருக்கும். அதில் சில நூறு ஆல்பத்துக்குப் போகும், பத்துப் பன்னிரண்டு இன்ஸ்டாவுக்குப் போகும். நீங்கள் பார்த்து மலைப்பது அந்தப் பத்துப் பன்னிரண்டைத்தான். மிச்சம் முழுக்க என் கம்ப்யூட்டரில் கிடக்கும்: வியர்த்துப்போன மாப்பிள்ளை, பாதி தூக்கத்தில் மணவறைக்கு வரும் பெண், பின்னால் சிவப்புப் பிளாஸ்டிக் நாற்காலி, மேடை ஓரத்தில் சுருண்டு கிடக்கும் ஒயர். அதனால் எனக்குத் தெரிந்த ஒரே யோசனை, ஒற்றைப் படத்தை வைத்து எதையும் முடிவு செய்யாமல், ஒரு கல்யாணத்தை முதல் படத்திலிருந்து கடைசிப் படம் வரை உட்கார்ந்து பாருங்கள் என்பதுதான். அதுவும் உங்கள் மாதத்தில், உங்கள் முகூர்த்த நேரத்தில், உங்கள் மண்டபம் மாதிரியான இடத்தில் நடந்த கல்யாணமாக இருக்க வேண்டும்.

ரீல்ஸில் வருவதில் பாதி கல்யாணமே கிடையாது. மேக்கப் ஆர்ட்டிஸ்ட், டெக்கரேஷன்காரர், வாடகை நகைக் கடை, போட்டோகிராபர் எல்லாரும் சேர்ந்து ஒரு மாடலை உட்கார வைத்து விளம்பரத்துக்காக எடுப்பது அது. அதைக் குற்றம் சொல்ல மாட்டேன், தொழிலுக்கு அதுவும் வேண்டும். கண்டுபிடிப்பது சுலபம். படத்தில் ஒரு குழந்தை ஓடாது, ஒரு சித்தப்பா குறுக்கே வரமாட்டார், எங்கேயும் ஒரு காபி டம்ளர் இருக்காது. காசோ பொருளோ வாங்கிக்கொண்டு போடுகிற பதிவில் அதைச் சொல்ல வேண்டும் என்று இந்திய விளம்பரத் தரக் கவுன்சில் 2021லேயே விதி வகுத்தது. 'கொலாப்', 'பெய்டு பார்ட்னர்ஷிப்' என்று எங்காவது பொடி எழுத்தில் இருக்கும். இருந்தால் அதை விளம்பரமாகவே பாருங்கள்.

இப்போது இதற்கும் மேலே ஏஐ படங்கள் வந்துவிட்டன. போன வருஷத்திலிருந்து ஏஐ படத்தை போனில் காட்டி "இதே மாதிரி மேடை வேணும்" என்று வருகிறவர்கள் அதிகம். டெக்கரேஷன்காரர் பாவம், எந்தத் தூண் எதன் மேல் நிற்கிறது என்றே தெரியாமல் முழிப்பார். நம் ஊர்க்காரருக்கு இதைப் பிடிக்க நல்ல வழி தவில்காரரைப் பார்ப்பது. தவிலில் ஒரு பக்கம்தான் குச்சி, இன்னொரு பக்கம் விரலில் கூடு மாட்டி வாசிப்பார்கள். ஏஐ படத்தில் மனுஷன் இரண்டு கையிலும் குச்சி வைத்துக்கொண்டு இருப்பார். பந்திப் படமாக இருந்தால் இலையைப் பாருங்கள். நுனி சாப்பிடுகிறவருக்கு இடப்பக்கம் இருக்கிறதா? தமிழ்ப் பெண் கழுத்தில் நம் தாலிக்குப் பதிலாக வடநாட்டு மாதிரிக் கருமணித் தாலி தொங்குகிறதா? இந்த மூன்றில் ஒன்றாவது அநேகமாகத் தப்பாக இருக்கும்.

சரி, எங்கே பார்ப்பது?

மண்டப மேனேஜரிடமிருந்து ஆரம்பியுங்கள். போன தையில் அந்த மண்டபத்தில் யார் கல்யாணம் நடந்தது, யார் டெக்கரேஷன், யார் போட்டோ என்று கேளுங்கள். அந்தப் போட்டோகிராபரிடம் போய், "ஹைலைட் வேண்டாம், முழு ஆல்பத்தைக் காட்டுங்க" என்று சொல்லுங்கள். முடிந்தால் அந்தப் பெண்வீட்டாரையே தெரிந்தவர் மூலம் பிடித்து அவர்கள் வீட்டில் உட்கார்ந்து பாருங்கள். அவர்கள் சொல்வது எந்த ரீலிலும் வராது. "மேடை லைட்டு மூஞ்சில அடிச்சு கண்ணே தொறக்க முடியல", "டைனிங் ஹால் படி செங்குத்து, அப்பாயியத் தூக்கிட்டுப் போனோம்" என்பது மாதிரி.

மாதம் ஏன் முக்கியம் என்று சொல்கிறேன். தை, மாசி என்றால் டெல்டாவில் சம்பா அறுவடை. வயல்காட்டுச் சொந்தக்காரர்கள் அறுப்பு மெஷின் வரும் நாளைப் பார்த்துத்தான் கிளம்புவார்கள். முதல் நாள் சாயங்கால ரிசப்ஷனுக்கு வராமல் காலையில் முகூர்த்தத்துக்கு வந்து, மொய் எழுதி, சாப்பிட்டுவிட்டு ஓடுவார்கள். ரிசப்ஷனில் பணத்தைக் கொட்டுவதற்கு முன் இதை யோசியுங்கள். பனிக்காலத்தில் மல்லிகை வரத்து விழுந்துவிடும், விலை ஏறி உட்கார்ந்திருக்கும். ரீலில் பார்த்த மல்லிகைத் திரை சித்திரை, வைகாசியில் எடுத்ததாக இருக்கலாம். தையில் சாமந்தி நன்றாகக் கிடைக்கும், சம்பங்கி கிடைக்கும். சாமந்தி என்றால் சிலர் முகம் சுளிப்பார்கள். மஞ்சளும் வெள்ளையும் கலந்து நெருக்கிக் கட்டிய சாமந்திச் சரத்துக்கு முன்னால் அரக்குப் புடவை எப்படி எடுத்துக் காட்டுகிறது என்று என்னிடம் வந்தால் காட்டுகிறேன். ஐப்பசி, கார்த்திகையில் கல்யாணம் வைத்துவிட்டுத் திறந்தவெளி மேடை கேட்கிறவர்களும் உண்டு. வடகிழக்குப் பருவமழை கொட்டும் மாதங்கள் அவை. 2018 நவம்பரில் கஜா புயலைப் பார்த்த பிறகும் எங்கிருந்து அந்தத் தைரியம் வருகிறதோ!

அடுத்தது முகூர்த்த நேரம். ரீலில் பெண்ணின் முகத்தில் விழும் அந்தத் தங்க வெளிச்சம் சாயங்காலம் ஐந்தரை மணி வெயில். உங்கள் தாலி கட்டு காலை ஆறிலிருந்து ஏழரைக்குள் என்றால் தையில் அப்போதுதான் விடிந்துகொண்டிருக்கும். மண்டபத்துக்குள் டியூப் லைட்டும் எல்இடியும்தான், போதாததற்கு ஓமப் புகை. அந்த வெளிச்சத்தில் வெளிர் ரோஸ், வெளிர் பச்சைப் புடவையெல்லாம் படத்தில் வெளுத்துச் சப்பென்று ஆகிவிடும். அரக்கு, கடுகு மஞ்சள், கிளிப்பச்சை, மயில் கழுத்து நீலம் இவைதான் தாங்கும். நம் பாட்டிமார் காரணம் இல்லாமல் இந்த நிறங்களைக் கட்டவில்லை போலிருக்கிறது.

புடவைக்கு போனைப் பார்க்க வேண்டாம், ஒரு நாள் திருபுவனம் வந்துவிடுங்கள். கும்பகோணத்திலிருந்து மயிலாடுதுறை ரோட்டில் கொஞ்ச தூரம். 2019ல் புவிசார் குறியீடு வாங்கிய பட்டு. விசிறி மடிப்பாக மடித்து வைத்திருப்பார்கள், எடுத்து உதறினால் உடம்பு, பார்டர், முந்தி மூன்றும் சேர்ந்து எப்படி விழுகிறது என்று அங்கேயே தெரியும். கடைக்குள் லைட்டில் மட்டும் பார்க்காமல் வாசலுக்கு எடுத்து வந்தும் பாருங்கள். அதே ரோட்டில் ஆடுதுறை தாண்டினால் நரசிங்கம்பேட்டை. ஆச்சா மரத்தில் நாயனம், அதாவது நாகஸ்வரம் கடைகிற ஊர், நாகஸ்வர மேதை திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை வாசித்த நாயனம் உருவான ஊர். 2022ல் அதற்கும் புவிசார் குறியீடு கிடைத்தது. இவ்வளவு பக்கத்தில் இதை வைத்துக்கொண்டு ரீலைப் பார்த்துக் கேரளத்துச் செண்டை மேளம் கூப்பிடுகிறோம். செண்டை நல்ல வாத்தியம், கோயில் மைதானத்தில் கேட்க வேண்டும். நாலு சுவருக்குள் அடித்தால் பக்கத்தில் இருப்பவர் பேசுவது கேட்காது. பெரியவர்கள் காதைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருக்கும் படங்களாகவே எனக்கு வந்து சேரும்.

இன்னொரு இடம் உங்கள் வீட்டுப் பரணில் இருக்கிறது. அம்மா அப்பா கல்யாண ஆல்பம், அத்தை சித்தி கல்யாண வீடியோ கேசட். தொண்ணூறுகளின் கேசட்டில் ஆரம்பத்தில் ரோஜாப்பூ சுற்றிச் சுற்றி வந்து பெயர் போடுவார்கள், சிரிப்பாக இருக்கும். ஆனால் அவர்கள் எதையும் வெட்டவில்லை. பந்தக்கால் ஊன்றியது யார், தாய்மாமன் சீர் எந்த நேரத்தில் வந்தது, பாலிகையைத் தூக்கி வந்த சுமங்கலிகள் எத்தனை பேர், வாசலில் குலை தள்ளிய வாழையும் குருத்தோலைத் தோரணமும் எப்படிக் கட்டியிருந்தார்கள், எல்லாம் இரண்டு மூன்று மணி நேரத்துக்கு ஓடும். உங்கள் வகையறாவின் முறை என்ன என்பதை யாரும் இன்ஸ்டாவில் போட்டு வைக்கவில்லை, அதில்தான் இருக்கிறது. கேசட்டில் பூஞ்சை பிடித்திருந்தால் வீட்டில் ஓட்டிப் பார்க்காமல் டிஜிட்டலாக மாற்றித் தருபவரிடம் கொடுங்கள்.

பரணுக்கு ஏறும்போது மொய் நோட்டையும் கீழே இறக்குங்கள். கல்யாணத் திட்டத்துக்கு அதைவிட நேர்மையான ஆவணம் வேறு கிடையாது. உங்கள் அண்ணன் கல்யாணத்துக்கு எத்தனை பேர் வருவதாகச் சொன்னார்கள் என்பது ஞாபகத்தில் இருக்கும். எத்தனை குடும்பம் நிஜமாக வந்தது, எந்தெந்த ஊரிலிருந்து வந்தது என்பது நோட்டில் இருக்கும். அதைச் சமையல்காரரிடம் காட்டிப் பேசினால் "எத்தனை இலை?" என்ற கேள்விக்கு உருப்படியான பதில் சொல்லலாம். இலைக் கணக்கு சரியானால் மண்டபத்தின் அளவு, டைனிங் ஹால் பந்தி, வேன் எண்ணிக்கை எல்லாம் தானாகப் பிடிபடும். லைவ் கவுண்டர், ஐஸ்கிரீம் ரோல் பற்றி நான் ஒன்றும் சொல்வதற்கில்லை. திருவையாற்று அசோகா அல்வாவை இலையில் வைத்தால் யாரும் கவுண்டர் எங்கே என்று தேட மாட்டார்கள் என்பது மட்டும் என் கட்சி.

நேரில் பார்க்க வேண்டுமென்றால் ஒரு முகூர்த்த நாள் விடியற்காலையில் சுவாமிமலைக்கோ உப்பிலியப்பன் கோயிலுக்கோ போய் ஓரமாக உட்காருங்கள். ஒரே காலையில் பல கல்யாணம் நடக்கும். பட்டில் ஒன்று, சாதாரணப் புடவையில் ஒன்று, பத்துப் பேரோடு ஒன்று. எந்த மாலை கசங்காமல் நிற்கிறது, எந்த ஒப்பனை வியர்வையில் வழிகிறது என்று கண்ணால் பார்க்கலாம். திருக்கடையூரில் அறுபதாம் கல்யாணமும் எண்பதாம் கல்யாணமும் தினமும் நடக்கும். பேரன் பேத்திகள் சூழ நிற்கும் அந்த ஜோடிகளிடம் போஸ் கொடுக்கும் பதற்றமே இருக்காது. எங்கள் பக்கம் சுயமரியாதைக் கல்யாணமும் நிறைய. 1967ல் அதைச் செல்லுபடியாக்கும் சட்டம் வருவதற்கு முன்பிருந்தே செய்துகொண்ட குடும்பங்கள் உண்டு. சடங்கு குறைவு என்பதால் டிசைன் செய்ய எனக்குப் பக்கம் போதாமல் திண்டாட்டம்தான். ஆனால் அந்த ஆல்பங்களில் ஆட்கள் முகம் நன்றாக விழுந்திருக்கும், எல்லாரும் யாராவது பேசுவதைக் கேட்டுக்கொண்டு சும்மா உட்கார்ந்திருப்பதால்.

படம் தேர்ந்தெடுக்கக் குடும்பத்தோடு வருவார்கள். பெண்ணும் மாப்பிள்ளையும் மேடைப் படங்களை வேகமாகத் தள்ளிக்கொண்டே போவார்கள். லட்சக்கணக்கில் செலவழித்த பின்னணி, இரண்டு நொடி நிற்க மாட்டார்கள். கெட்டிமேளத்துக்கு ஆள்காட்டி விரலை ஆட்டிக்கொண்டே கண் கலங்கி நிற்கும் பெரியப்பா வந்தால் நின்றுவிடுவார்கள். சமையல்கட்டில் வெற்றிலையைத் துடைத்து அடுக்கிக்கொண்டிருக்கும் அத்தை வந்தால் நிற்பார்கள். போன மாதம் ஒரு அம்மா, போகஸ் இல்லாத ஒரு படத்தை நான் அழிக்கப் போனபோது கையைப் பிடித்துவிட்டார். "தம்பி, அத எடுத்துடாதப்பா. எங்க அண்ணன் சிரிச்ச படம் அது ஒண்ணுதான் இருக்கு" என்றார். அண்ணன் இரண்டு தூணுக்கு நடுவில் கலங்கலாகத் தெரிந்தார். ஆல்பத்தில் அரைப் பக்கம் கொடுத்தேன்.

அதனால் போட்டோகிராபருக்கு ரீல் லிங்க் அனுப்புவதற்குப் பதில் ஆட்கள் பட்டியல் ஒன்று கொடுங்கள். இவர் என் தாய்மாமா, இவர் நடக்க முடியாத தாத்தா, இவர்கள் என் பள்ளிக்கூடத் தோழிகள் என்று. கூடவே விவரம் தெரிந்த ஒரு அத்தை மகனை அவர் பக்கத்தில் நிறுத்துங்கள், ஆளைக் காட்டிக்கொடுக்க.

ரிசப்ஷனாவது கொஞ்சம் ரீல் மாதிரி இருக்கட்டும் என்று ஆசை இருந்தால் அடக்க வேண்டாம், உங்கள் கல்யாணம் அது. மேடையின் நீளம், ஆழம், மேலே பீம் வரை உயரம் மூன்றையும் டேப் வைத்து அளந்து எழுதிக்கொண்டு போங்கள், படத்தைக் காட்டி "இந்த அளவுக்குள் இதில் எது முடியும்?" என்று கேளுங்கள். ஆன்லைனில் பாம்பாஸ் புல் (மேடை அலங்காரத்துக்கு வைக்கும் குஞ்சம் குஞ்சமான காய்ந்த புல்) வாங்க ஆயிரக்கணக்கில் கேட்டால், அதற்குப் பதில் நாணல் இருக்கிறது, கொள்ளிடக் கரையில் ஆவணி, புரட்டாசியில் பூத்து நிற்கும். தைக்கு வேண்டுமென்றால் அப்போதே அறுத்து நிழலில் காயவைக்க வேண்டும். பூ உதிரும், ஹேர் ஸ்பிரே அடித்து வையுங்கள்.