காணொளிக் கோப்பின் பெயரும் தரமும்: கேள்வி பதில்

கேள்வி (ஹட்டன்): எங்கள் வீட்டுத் திருமணக் காணொளியின் இரண்டு பிரதிகள் இருக்கின்றன, ஐயா. இரண்டும் இரண்டு மணி நேரம் ஓடுகின்றன, இரண்டின் பெயரிலும் 1080பி என்றே உள்ளது. ஒன்று 7 ஜிபி, மற்றையது 1 ஜிபிகூட இல்லை. எதை வைத்துக்கொள்வது?

பதில்: பெரியதை வைத்துக்கொள்ளுங்கள். 1080பி என்பது படத்தின் அகலம் 1920 புள்ளிகள், உயரம் 1080 புள்ளிகள் என்பதை மட்டுமே சொல்கிறது. அந்தப் புள்ளிகளை நிரப்ப வினாடிக்கு எவ்வளவு தரவு செலவிடப்பட்டது என்பதே, அதாவது பிட்ரேட்டே, தரத்தைப் பெரிதும் தீர்மானிக்கிறது. வினாடிக்கு 8 மெகாபிட் என்றால் ஒரு மணி நேரத்துக்கு 3.6 ஜிபி ஆகும். உங்கள் சிறிய பிரதிக்கோ வினாடிக்கு ஏறத்தாழ 1 மெகாபிட்தான் கிடைத்திருக்கிறது. எச்.265 என்ற புதிய சுருக்கும் முறையில் சுருக்கியிருந்தால் ஏறக்குறையப் பாதித் தரவிலேயே அதற்கு முந்திய எச்.264 முறை தரும் தரம் கிடைக்கலாம், ஆனால் இது அதற்கும் மிகக் குறைவு. நம் பகுதியில் எடுக்கும் படங்களில் இக்குறை விரைவில் தெரியும்: மலைமேல் படரும் மூட்டம் பட்டை பட்டையாகப் பிரியும், மழையும் தேயிலைச் செடிகளின் இலைகளும் கட்டம் கட்டமாகக் குழம்பும். இழந்த விபரத்தை மீண்டும் பெரிதாக்கிப் பெற முடியாது.

கேள்வி (மஸ்கெலியா): எம்கேவி கோப்பொன்றைத் தொலைக்காட்சியில் போட்டால் ஒலி மட்டுமே வருகிறது. பெயரின் இறுதியை எம்பி4 என்று மாற்றியும் பயனில்லை.

பதில்: தேயிலைப் பெட்டியில் பிஓபி என்ற தரத்தின் பெயரை எழுதி ஒட்டினால் உள்ளே இருக்கும் டஸ்ட் தூள் பிஓபி ஆகிவிடாது. எம்கேவியும் எம்பி4உம் படத்தையும் ஒலியையும் சேர்த்து வைக்கும் கொள்கலன்கள். படம் எந்தக் கோடெக்கில், அதாவது எந்தச் சுருக்கும் முறையில், சுருக்கப்பட்டது என்பது வேறு விடயம். 2013இல் வந்த எச்.265ஐப் பழைய தொலைக்காட்சிகள் பல அறியா. கணினியில் விஎல்சி செயலியில் கோடெக் விபரத்தைப் பாருங்கள், எச்.265 என்றிருந்தால் ஹேண்ட்பிரேக் என்ற காணொளி மாற்றும் செயலி மூலம் எச்.264 பிரதி ஒன்றை எடுத்து, மூலத்தை அழிக்காமல் வைத்திருங்கள்.

கேள்வி (பண்டாரவளை): பென்டிரைவில் 20 ஜிபி இடமிருந்தும் 5 ஜிபி கோப்பு ஏற மறுக்கிறது.

பதில்: அந்தப் பென்டிரைவ் ஃபேட்32 என்ற பழைய கோப்பு அமைப்பில் இருக்கும், அதில் ஒரு கோப்பு 4 ஜிபியைத் தாண்ட முடியாது. உள்ளிருப்பவற்றை வேறிடத்தில் சேமித்துவிட்டு எக்ஸ்ஃபேட்டுக்கு மாற்றுங்கள்.

கேள்வி (தலவாக்கலை): தோட்டத்துக் காமன் கூத்துப் பதிவுகளுக்கு எப்படிப் பெயரிடலாம்?

பதில்: ஆண்டு, மாதம், நாள், தோட்டத்தின் பெயர், நிகழ்ச்சி, பகுதி எண் என்ற வரிசையில் எழுதுங்கள். பகுதிகளை 01, 02 என்று இட்டால் எந்தக் கருவியிலும் வரிசை குலையாது. கேள்விக்குறி, முக்காற்புள்ளி, சாய்கோடு ஆகியவற்றை விண்டோஸ் ஏற்காது. முதிய கலைஞர்கள் ஆடிய பதிவுகளை வாட்ஸ்அப்பில் காணொளியாக அனுப்பினால் அவை மேலும் சுருக்கப்பட்டுவிடும் என்பதால், தயவுசெய்து ஆவணமாகவே அனுப்புங்கள். மூலப்பிரதியை இரண்டு வெவ்வேறு வீடுகளில் வைத்திருங்கள்.